சிரிக்காத பிணம்

"அண்ணாச்சி, எந்திரிங்க. டீ ஆறிப்போவுது" என்று மூன்றாவது தடவையாகச் சொன்னார் ஏசுவடியான்.

சிம்மாசனம் மாதிரி ஜோடித்திருந்த நாற்காலியில் தலை சாய்ந்து கிடந்த கருத்தப்பாண்டி எழவில்லை. வாயோரம் வழிந்திருந்த நுரையைப் பார்த்து, மேக்கப் எவ்வளவு நன்றாக வந்திருக்கிறது என்று ஏசுவடியான் ஒரு கணம் பெருமைகூடப் பட்டார். அந்த நுரையைத் தான் வைக்கவில்லை என்பது பிறகுதான் உறைத்தது. டீ டம்ளர் கையிலிருந்து நழுவித் தரையில் உருண்டது.

செவ்வாய்க்கிழமை, காலை பதினொன்றரை மணி.

கரிவலம்வந்தநல்லூர் ரோட்டில், தறிகளை ஓரமாகத் தள்ளிவிட்டு மூடிப்போட்டிருந்த ஒரு விசைத்தறிக் கூடத்தில்தான் அந்தப் படம் எடுக்கப்பட்டு வந்தது. தாதாக்களின் படம். கறுப்புச் சட்டை, மெதுவான நடை, கொடுத்த வாக்குக்காகச் சாவது, தலைவனுக்காகத் தம்பி சாவது, தம்பிக்காகத் தலைவன் சாவது. அரை மணி நேரத்துக்கு ஒருவன் செத்துக்கொண்டே இருப்பான். எழுதியதும் எடுத்ததும் கேமரா பிடித்ததும் சங்கரன்கோவில்காரரான கணேசன். தலைவன் வேஷம் அவருடைய பள்ளிக்கூடத் தோழன் கருத்தப்பாண்டிக்கு. உயிரைக் கொடுக்கும் விசுவாசத் தம்பியாக, தறி ஓட்டிக்கொண்டிருந்த இசக்கித்துரை. மற்ற அடியாட்கள் எல்லாம் உள்ளூர்த் தறிக்காரர்கள். கத்தி, துப்பாக்கி, ரத்தம், மேக்கப் எல்லாவற்றுக்கும் ஏசுவடியான்.

இன்ஸ்பெக்டர் சண்முகசுந்தரிக்கு இந்த மாதிரிப் படங்களைக் கண்டால் ஆகாது. பதினாறு வருஷ சர்வீஸில், மெதுவாக நடந்து வந்த ஒரு ரவுடியைக்கூட அவர் பார்த்ததில்லை. எல்லாரும் போலீஸைக் கண்டால் செருப்பை விட்டுவிட்டு ஓடியவர்கள்தான். மானம், விசுவாசம் என்று வசனம் பேசியவன் எவனும் அவர் லாக்கப்புக்கு வந்ததில்லை. கூட்டாளியைக் காட்டிக்கொடுக்க அரை டம்ளர் டீ போதும்.

அந்த எண்ணத்தோடுதான் அவர் கூடத்துக்குள் நுழைந்தார். பஞ்சுத் தூசி மிதந்த வெளிச்சத்தில், காலடியில் செம்பு உருண்டு கிடக்க, செத்தவன் தலைவனுக்கான தோரணையோடே உட்கார்ந்திருந்தான். இன்னும் யாரோ 'ஆக்‌ஷன்' சொல்லப்போகிறார்கள் என்பது போலிருந்தது.

"என்ன சீன் எடுத்தீய?"

கணேசன் சுவரில் சாய்ந்து நின்றார். கண் சிவந்திருந்தது. "தலைவன் சாவற சீன் மேடம். எதிராளுங்க தம்பியப் பிடிச்சு, உன் கையாலயே தலைவனுக்கு விஷம் குடுன்னு மிரட்டுதாவ. தலைவனுக்கு அது தெரியும். தம்பி உயிரு தப்பட்டும்னு தெரிஞ்சே வாங்கிக் குடிக்கான். தம்பி திரும்பிப் பாக்காம நடந்து போவான். தலைவன் உசிரு போவும்."

"செம்புல என்ன இருந்தது?"

"நன்னாரி சர்பத். ஏசுவடியான் கலந்தது."

"குடிச்ச பிறகு?"

"பிரமாதமா நடிச்சான். கட் சொன்னேன். அந்த மூடுலயே மூச்சடக்கிக் கிடக்கான்னு நினைச்சு வெளிய டீ குடிக்கப் போயிட்டேன். உள்ள இவரு கத்துன பெறகுதான் ஓடி வந்தேன்." கணேசன் முகத்தை மூடிக்கொண்டார். "முப்பது வருசத்துச் சேக்காளி மேடம்."

ஏசுவடியானிடம் திரும்பினார் சண்முகசுந்தரி. "சர்பத்த யாரு யாரு தொட்டது?"

"நான் கலந்தேம்மா. கலரு பத்தலைன்னு டைரக்டரு வாங்கி வெளிச்சத்துல பாத்தாரு. பெறகு துரை கையில குடுத்தாரு. துரை கொண்டு போய்க் குடுத்தான்."

"துரைக்கும் செத்தவருக்கும் எப்படி?"

ஏசுவடியான் தயங்கினார். "முந்தாநேத்து டேக் சொதப்புனான்னு பாண்டி அண்ணாச்சி எல்லாரு முன்னாலயும் துரைய அறைஞ்சுட்டாவ."

இசக்கித்துரை ஒரு தறியின்மேல் கை வைத்து நின்றிருந்தான். எதைக் கேட்டாலும் ஒரே பதில்.

"எங் கையாலதான் குடுத்தேன். எழுதிக்கிடுங்க."

"விஷத்த நீரா கலந்தீரு?"

"எங் கையாலதான் குடுத்தேன்."

பிணத்தின் சட்டைப் பையில் ஒரு ரயில் டிக்கெட் இருந்தது. அன்று சாயங்காலத்துப் பொதிகை எக்ஸ்பிரஸ், சென்னைக்கு. மேக்கப் மேஜைக்குக் கீழே கட்டி வைத்த பை ஒன்றும் இருந்தது. "ஷூட்டிங் எப்ப முடியுது?" என்று கேட்டார் சண்முகசுந்தரி. "இன்னும் ஒரு வாரம் இருக்கு" என்றார் ஏசுவடியான். டிக்கெட்டைப் பற்றித் தனக்கு ஒன்றும் தெரியாது என்றார் கணேசன்.

புதன்கிழமை காலை ஆஸ்பத்திரியிலிருந்து தகவல் வந்தது. விஷம் செம்பில்தான். நன்னாரி வாசம் அதன் வாடையை அமுக்கிவிட்டது. லாக்கப்பில் இருக்கும் துரையைச் சாயங்காலத்துக்குள் கோர்ட்டில் நிறுத்து என்று மேலிடத்திலிருந்து போன். செம்பைக் கொடுத்தவன் அவன், அடி வாங்கியவன் அவன், மறுக்காதவனும் அவன். வேறென்ன வேண்டும்?

ஸ்டேஷன் வாசலில் துரையின் மனைவி கோகிலா கைக்குழந்தையோடு நின்றாள். குழந்தையின் நெற்றியில் கோயில் புற்றுமண்.

"எம் மாப்பிள செய்யலம்மா."

"அவரே இல்லைங்கலியே, கோகிலா."

"இல்லைங்க மாட்டாரு. இந்தப் பிள்ள பொறக்கையில எனக்கு ரத்தம் நிக்கல. அந்த ராத்திரி வந்து ரத்தம் குடுத்து எங்க ரெண்டு பேரையும் காப்பாத்துனது கணேசண்ணாச்சிதான். அன்னைலருந்து அவாளுக்கு ஒண்ணுன்னா இவரு சங்கையும் அறுத்துக் குடுப்பாரு." குழந்தையைத் தோளுக்கு மாற்றிக்கொண்டாள். "உள்ள தூக்கிப் போட்டுட்டா இந்தப் பிள்ளைக்கு யாரும்மா இருக்கா?"

கேட்காத கேள்விக்கு அவள் பதில் சொல்லிவிட்டாள் என்று சண்முகசுந்தரிக்குத் தோன்றியது. துரை எதையோ பார்த்திருக்கிறான். பார்த்ததை விழுங்கிக்கொண்டு நிற்கிறான். அவர் சர்வீஸில் முதல் தடவையாக ஒரு சினிமா விசுவாசி லாக்கப்புக்கு வந்திருக்கிறான். அது அவரைப் பயமுறுத்தியது. இப்படிப்பட்டவனை உள்ளே தள்ளுவது சுலபம், வெளியே கொண்டுவருவதுதான் பாடு.

கேமராவிலிருந்த அத்தனை காட்சிகளையும் ஏசுவடியானைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு போட்டுப் பார்த்தார்.

முதல் அடியாள் குத்துப்பட்டு விழுந்தான். கண் நிலைகுத்தியது. கொஞ்ச நேரம் அசைவில்லை. பிறகு பிணம் கண்ணைத் திறந்து, கேமராவைப் பார்த்துப் பல்லைக் காட்டியது. சண்முகசுந்தரி திடுக்கிட்டுப் போனார்.

"என்னவே இது?"

"வழக்கம்மா. செத்த மாதிரி நடிச்சவன் செத்தபடியே படத்துல நிக்கக்கூடாது. அபசகுனம். கேமரா ஓடும்போதே முழிச்சு, சிரிச்சிட்டு எந்திரிக்கணும். பெறகுதான் கட். பெரிய படத்துலயும் உண்டு. நம்ம டைரக்டருக்கு இதுல ரொம்பப் பயம். அவரு அப்பா நாடகத்துல செத்த வேசம் போட்டு, மறுவாரமே போயிட்டாராம்."

இரண்டாவது பிணம் சிரித்தது. மூன்றாவது சிரித்தது. ஒருவனுடைய சிரிப்பு சரியில்லை என்று கணேசனின் குரல் அதட்ட, பிணம் மறுபடி சிரித்தது. ரத்தம் வழியும் முகங்கள் வரிசையாக இளித்துக்கொண்டு எழுந்தன. வேடிக்கையாகத்தான் இருந்திருக்க வேண்டும். சண்முகசுந்தரிக்குச் சிரிப்பு வரவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை எடுத்த காட்சி வந்தது. துரை சாகும் காட்சி. கதையில் கடைசியில் வருவதை முன்னாலேயே எடுத்திருந்தார்கள். துரை குண்டடிபட்டுச் சரிந்தான். கணேசனின் குரல் கேட்டது. "ஏலே துரை, கேமராவப் பாத்துச் சிரி. நல்லா சிரிச்சிட்டு எந்திரி மக்கா. உம் பொண்டாட்டிக்கு நான் பதில் சொல்லணும்லா." துரை வெட்கத்தோடு சிரித்தான்.

அதற்கடுத்தது தலைவன் சாகும் காட்சி. சண்முகசுந்தரி அதை இரண்டு தடவை பார்த்தார். பிறகு தொப்பியை எடுத்துக்கொண்டு ஏட்டைக் கூப்பிட்டார்.

"சுடலைமணி, துரைய ஜீப்புல ஏத்துங்க. கணேசனயும் தறிக்கூடத்துக்கு வரச் சொல்லுங்க."

புதன்கிழமை, மாலை நான்கு மணி. அதே நாற்காலி, ஆள் இல்லாமல். ஏட்டு சுடலைமணி கதவருகில் நின்றுகொண்டார். மானிட்டரை ஒரு தறியின்மேல் வைத்து, துரையையும் கணேசனையும் அதற்கு முன்னால் நிறுத்தினார் சண்முகசுந்தரி.

படம் ஓடியது. கருத்தப்பாண்டி செம்பை வாங்கிக் குடித்தார். துரை திரும்பிப் பார்க்காமல் மெதுவாக நடந்தான். கருத்தப்பாண்டியின் உடம்பு விறைத்தது. கை முன்னால் நீண்டது. வாய் கோணி, ஒரு சொல் வந்தது.

"துரை..."

துரை மூச்சை இழுத்தான். "எம் பேரச் சொல்லுதாவ!"

"படத்துல உம்ம பேரு என்ன?"

"வீரையா. டயலாக்கே கிடையாது அங்கன."

"உமக்கு அப்ப கேக்கலியா?"

"ஜெனரேட்டர் பக்கத்துல நடந்தேன். கேக்கலியே..." அவன் கண்கள் மெல்லக் கணேசனிடம் போயின.

"கேமரா பிடிச்ச இவரு காதுல ஹெட்போன் மாட்டியிருந்தாரு. அவருக்குக் கேட்டுது" என்றார் சண்முகசுந்தரி.

கணேசன் அவசரமாகச் சொன்னார். "டப்பிங்ல மாத்திக்கிடலாம்னு விட்டேன் மேடம். பேரு மாத்திச் சொல்லுறது எல்லா நடிகனும் செய்யறதுதான்."

"சரி, அத விடும். இதப் பாரும்."

திரையில் கருத்தப்பாண்டியின் தலை சாய்ந்தது. கை விழுந்தது. ஓரிரு நொடி அமைதி. "கட்" என்றது கணேசனின் குரல், கம்மலாக. திரை கறுத்தது.

"இதுல ஒண்ணு குறையுது. என்னன்னு சொல்லும்."

கணேசன் கறுத்த திரையையே பார்த்தார்.

"இந்தப் படத்துல செத்தவன் ஒவ்வொருத்தனும் சிரிச்சிட்டுத்தான் எந்திரிச்சிருக்கான். ஒருத்தன் சிரிப்பு சரியில்லைன்னு திரும்பச் சிரிக்க வச்சிருக்கீரு. அன்னைக்குக் காலைலகூட துரைய விடல. பாண்டி மூச்சடக்கி நடிக்கான்னு நினைச்சு டீ குடிக்கப் போனதாச் சொன்னீரு. உசிரோட இருக்கான்னு நினைச்சிருந்தா, சிரிக்க வைக்காம கட் சொல்லியிருப்பீரா? அதுவும் முப்பது வருசத்துச் சேக்காளிய?"

"மறந்துட்டேன்..."

"சோறு திங்க மறப்பீரு. அத மறக்க மாட்டீரு. கட் சொல்லும்போதே அவன் எந்திரிக்க மாட்டான்னு உமக்குத் தெரியும். தெரிஞ்சது இந்தக் கூடத்துல ஒருத்தருக்குத்தான்."

துரை தறியை விட்டு நகர்ந்தான். கணேசனுக்கு முன்னால் வந்து நின்றான்.

"அண்ணாச்சி, நீரு தறிக்குப் பின்னால நின்னு செம்புல குப்பியச் சரிச்சு, நூல் மூட்டைல போட்டத நான் பாத்தேன். கலருன்னு நினைச்சேன். அவரு போன பெறகுதான் புரிஞ்சுது. நீரு குடுத்த ரத்தத்துக்கு நான் உள்ள போயிருப்பேன். வாயத் திறந்திருக்க மாட்டேன்." அவன் அழுதான். "ஆனா அவரு என்னைக் கூப்பிட்டிருக்காவளே. தண்ணிக்கோ எதுக்கோ. உமக்குக் கேட்டிருக்கே அண்ணாச்சி. ஒரு வார்த்த சொல்லியிருந்தா நான் திரும்பியிருப்பேனே!"

"குப்பி எங்க?" என்றார் சண்முகசுந்தரி.

துரை கை காட்டினான். மூலையில் கிடந்த கழிவு நூல் மூட்டைக்குள் கைவிட்டு, சுடலைமணி ஒரு சின்னக் குப்பியைத் துணியால் பிடித்து எடுத்தார்.

கணேசன் அந்த வெற்று நாற்காலியின் காலடியில் உட்கார்ந்துவிட்டார். "சென்னையில ஒரு கம்பெனி அவனையும் கதையையும் கேட்டுது. என்னை வேண்டாம்னுட்டாவ. சரின்னுட்டான் மேடம். அன்னைக்குச் சாயங்கால ரயிலு. சேக்காளிக்காகச் சாவற கதைய ரெண்டு பேருமாத்தான் எழுதுனோம். அதைத் தூக்கிட்டு என்னை விட்டுட்டுப் போறேங்கான்." அவர் நிமிர்ந்தார். "சிரிக்கச் சொல்லணும்னு வாயத் திறந்தேன். செத்துக்கிட்டு இருக்கவன்கிட்ட எப்படிச் சிரின்னு சொல்ல? வாய் வரல. கட்டுனு சொல்லிட்டேன்."

யானைக்கும் அடி சறுக்கும் என்பார்கள். இந்த ஆள் சறுக்கியது, மனதில் மிச்சமிருந்த கடுகளவு பிரியத்தில். அதை நினைத்தபோது சண்முகசுந்தரிக்கு அவர்மேல் கோபமும் வந்தது, இரக்கமும் வந்தது. கோபம்தான் அதிகம். செவ்வாய்க்கிழமை காலையில் உன் பெண்டாட்டிக்குப் பதில் சொல்லணும் என்றவர், அடுத்த நாள் பூராவும் அவளை ஸ்டேஷன் வாசலில் நிற்க விட்டுவிட்டாரே?

ஜீப் கணேசனை ஏற்றிக்கொண்டு போனது. சாட்சியாகக் கையெழுத்துப் போட்டுவிட்டுத் துரை ஸ்டேஷனிலிருந்து வெளியே வரும்போது இருட்டியிருந்தது. கோகிலா குழந்தையை அவன் கையில் கொடுத்தாள். அவன் அதன் நெற்றியில் முகத்தை வைத்துக்கொண்டு அங்கேயே நின்றான்.

ஏசுவடியான் மட்டும் போகாமல் வாசலிலேயே தயங்கினார்.

"அம்மா, அந்தக் கடைசி ஷாட்டு... பாண்டி அண்ணாச்சி சிரிக்காமலே நிக்காவளே. அத என்ன செய்ய?"

சண்முகசுந்தரி கேமராவின் மெமரி கார்டை உறையில் போட்டு, அரக்கு வைத்து ஒட்டினார்.

"ஒண்ணும் செய்ய முடியாது. இனி கோர்ட்டுல போட்டுக் காட்டும்போதெல்லாம் அவரு அப்படியேதான் இருப்பாரு" என்றார்.

ஏசுவடியான் தலையை ஆட்டிவிட்டு, பஸ் ஸ்டாண்டைப் பார்த்து நடந்தார்.