ஏழாம் எண் பூட்டு

உள்ளே போன ஐந்து பேரும் வெளியே வந்துவிட்டார்கள். ஆனாலும் பிரேக்கர் கொக்கியில் இன்னும் ஒரு பூட்டு தொங்கிக்கொண்டிருந்தது.

வெல்டர்தான் முதலில் பார்த்தான். தன் பூட்டைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டே, "பெரிய வயரண்ணே, இன்னொண்ணு நிக்குதே. எவன் வீட்டுக்கு ஓடினான்?" என்று கேட்டான்.

"யாரா இருந்தா என்ன, நாளைக்கு டீ அவன் கணக்கு," என்றான் ஃபிட்டர். "இந்தத் தடவ பிஸ்கட்டும் சேத்துக் கேக்கணும்."

"நீ போன மாசம் வாங்கிக் குடுத்த தண்ணி டீக்கே இன்னும் வாய் கொப்பளிச்சுக்கிட்டு இருக்கோம்."

சிரித்துக்கொண்டே ஐந்து பேரும் படியிறங்கிப் போனார்கள். செருப்புச் சத்தமும் சிரிப்பும் தேய்ந்து மறையும்வரை பெரிய வயர் அசையாமல் நின்றார். அவரும் சிரித்திருந்தார். சிரித்த வாயை மூட மறந்திருந்தார்.

அந்த அட்டை ஆலையில் அது ஒரு பழைய விளையாட்டு. இயந்திரத்துக்குள் கை வைக்கப் போகிறவன் முதலில் மின்சாரத்தை நிறுத்த வேண்டும். பிரேக்கரின் இரும்புக் கொக்கியில் தன் பூட்டை மாட்டிவிட்டுத்தான் இறங்க வேண்டும். சாவி அவனவன் பையில். ஒரே ஒரு பூட்டு தொங்கினாலும் பிரேக்கர் ஏறாது. வேலை முடிந்ததும் அவனே வந்து கழற்ற வேண்டும், அடுத்தவன் கை அதில் படக்கூடாது. கழற்ற மறந்து வீட்டுக்குப் போனவனைப் போன் போட்டுத் திரும்ப வரவழைப்பார்கள். மறுநாள் மொத்தக் கூட்டத்துக்கும் அவன் செலவில் டீ.

பூட்டு மாட்டுவதில் சின்ன வயர் ஒருநாளும் தவறியதில்லை. கழற்றத்தான் மறப்பான். பெரிய வயரின் கூடப்பிறந்த தம்பி. இரண்டு பேரும் ஒரே ஆலையில் எலக்ட்ரீஷியன்கள் என்பதால் வந்த பெயர்கள் அவை. டீ வாங்கிக் கொடுத்து அலுத்துப்போய் ஒருநாள் தன் பூட்டின் மாற்றுச்சாவியை அண்ணன் கையில் திணித்தான். "நான் மறந்துட்டுப் போனா நீயே கழட்டிடுண்ணே. டீக்காசு மிச்சம்." அண்ணனும் அதை வீட்டுச்சாவிக்கும் பீரோச்சாவிக்கும் நடுவில் கோத்துக்கொண்டார். வேறு யாருக்கும் அது தெரியாது.

சின்ன வயர் இறந்து பதினொரு மாதம் ஆகிறது.

பெரிய வயர் கொக்கியின் அருகில் போனார். ஸ்விட்ச் அறைக்கு ஜன்னல் ஒன்றுதான், அதுவும் வண்டி ஸ்டாண்டைப் பார்த்தபடி, தலை உயரத்துக்கு மேல் ஒரு முழத் துவாரம். நடுப்பகலிலும் சுவரில் எரியும் பேட்டரி விளக்கில்லாமல் உள்ளே கண் தெரியாது. மின்சாரம் நின்ற அறையில் இவ்வளவு நேரமாக அவர் கவனிக்காத சத்தங்களெல்லாம் இப்போது ஒவ்வொன்றாக எழுந்து வந்தன. கூரைத் தகடு வெயிலில் முறுக்கிக்கொள்ளும் சத்தம். தரையடியில் குழாயில் எஞ்சிய தண்ணீர் இறங்கும் சத்தம். அப்புறம், மிக அருகில், சொட்டு. சற்று நேரம் கழித்து, இன்னொரு சொட்டு.

பூட்டிலிருந்துதான் சொட்டியது.

சிவப்புப் பூட்டு. அடிப்பக்கத்தில் உளியால் கொத்திய ஏழு. சாவித் துவாரத்தில் சாம்பல் நிறக் காகிதக் கூழ் அடைத்திருந்தது. அதிலிருந்துதான் அந்த நீர். அதோடு கட்டியிருந்த அட்டையில் புகைப்படம் ஊறிப்போய் முகம் இல்லாமல் தோள் மட்டும் இருந்தது. ஆலைக்குப் பின்னால் இருக்கும் கழிவுநீர்த் தொட்டியின் வாடை, புளித்த, குளிர்ந்த வாடை, அறை முழுக்கப் பரவியிருந்தது.

அந்தப் பூட்டை அந்தத் தொட்டியில் எறிந்தவர் அவர்தான்.

அன்றைக்கும் இதே மாதிரி ஒரு பராமரிப்பு நாள். எல்லாரும் கழற்றியாயிற்று, ஏழு மட்டும் நின்றது. மேனேஜர் போனில் அவசரப்படுத்தினார். பெரிய வயர் ஜன்னல் வழியாக எட்டி ஸ்டாண்டைப் பார்த்தார். தம்பியின் வண்டி இல்லை. மறுபடியும் மறந்துட்டான் கழுத, வீட்டுக்குப் போயிட்டான் என்று சிரித்தபடியே மாற்றுச்சாவியைப் போட்டுப் பூட்டைக் கழற்றி, பிரேக்கரை ஏற்றினார். வண்டியைத் தம்பி மனைவி மதியமே பிள்ளையை டாக்டரிடம் கூட்டிப்போக எடுத்துப் போயிருந்தாள் என்பது பிறகுதான் தெரிந்தது. கீழே பம்பு குழிக்குள் இறங்கிப் பார்த்தால் ஆகக்கூடியது இரண்டு நிமிஷம். தம்பி அங்கே மோட்டாரின் மின்முனை நட்டை இறுக்கிக்கொண்டிருந்தான். அந்த நட்டிலிருந்து அவன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்ததும் அவர்தான்.

கொக்கியில் பூட்டு இல்லை. ஆகவே இறந்தவர் பூட்டு மாட்டவில்லை என்று எழுதினார்கள். அவர் மறுக்கவில்லை. அதற்கப்புறம் ஆலையில் பாதுகாப்புத் திட்டம் என்று ஒன்று வந்தது. அதற்குப் பொறுப்பாளராக அவரையே போட்டார்கள். தம்பியின் படத்தைப் பெரிதாக்கி, 'ஒரு நிமிட அலட்சியம்' என்று அச்சடித்துச் சுவரெல்லாம் ஒட்டினார்கள். மாதம் ஒரு முறை புதிதாகச் சேர்ந்தவர்களை உட்காரவைத்து, பூட்டு மாட்டாமல் செத்துப்போன ஒரு கெட்டிக்கார எலக்ட்ரீஷியனின் கதையை அவர் சொல்வார். பத்துத் தடவை சொல்லியாயிற்று. சொல்லச் சொல்ல நன்றாக வந்தது.

போன் அடித்தது. மேனேஜர்.

"மணி மூணே முக்கால். நாலுக்கு மெஷின் ஓடணும். என்ன பண்றீங்க?"

"ஒரு பூட்டு நிக்குது சார்."

"யாரோடது?"

பூட்டின் அடியிலிருந்து இன்னொரு சொட்டு விழுந்தது.

"ரெஜிஸ்டர்ல அஞ்சு பேருதானே? அஞ்சு பேரும் வந்தாச்சு. மறந்துட்டுப் போயிருப்பான். கழட்டிட்டுப் போடுங்க."

கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம், சின்ன மேசையில், உள்ளே இறங்குகிறவர்களுக்குப் பெர்மிட் எழுதுகிற ரெஜிஸ்டரைத் திறந்துவைத்து உட்கார்ந்திருந்தாள் தம்பி மனைவி. புருஷன் போனபிறகு ஆலை கொடுத்த வேலை. அவள் இடத்திலிருந்து பார்த்தால் பேனல் முன்னால் நிற்பவரின் முதுகுதான் தெரியும், கொக்கி தெரியாது. தினமும் அவள் கண்ணுக்கு நேரே சுவரில் அந்தப் படம். போன வாரம் மெதுவாகக் கேட்டாள்: "மாமா, அவரு வீட்டுக் கேஸ மூடிட்டு, மூடிட்டோமான்னு மூணு தடவ போய்ப் பாக்குற ஆளு. பூட்டு மாட்டாம எறங்கினாருன்னு நீங்களுமா நம்புறீங்க? பிள்ளையும் இப்ப எழுத்துக்கூட்டிப் படிக்கிறா. இங்க கூட்டிட்டு வரவே பயமா இருக்கு." அவர், "விதிம்மா," என்றார். அவள் அதற்குமேல் கேட்கவில்லை. கேட்காமல் இருப்பதுதான் தாங்க முடியாததாக இருந்தது.

சாவிக்கொத்தை எடுத்தார். ஏழாம் எண் சாவி விரலுக்குத் தானாகவே வந்து அகப்பட்டது. பூட்டைத் தொட்டார். ஈரமாக இருந்தது. ஆனால் குளிரவில்லை. இப்போதுதான் ஒருவன் சட்டைப்பையிலிருந்து எடுத்து மாட்டிய மாதிரி, உடம்புச் சூடு.

கையை உதறினார். சாவிக்கொத்தைப் பைக்குள் போட்டார்.

இந்தத் தடவை பார்த்துவிட்டுத்தான் கழற்றுவேன் என்று நினைத்தார். யாரும் இருக்கப்போவதில்லை. இருந்தாலும் கண்ணால் பார்த்துவிட வேண்டும். மாதாமாதம் வகுப்பில் அவர் வாயாலேயே சொல்வதுதானே. அறையின் பின்கதவைத் திறந்து, குழிக்கு இறங்கும் இரும்பு ஏணியில் கால் வைத்தார். அவருடைய எட்டாம் எண் பூட்டு மேசை இழுப்பறையில் இருந்தது. ரெண்டு நிமிஷம்தானே, ஏழுதான் தொங்குகிறதே, அதைத் தாண்டி யாரால் பிரேக்கரை ஏற்ற முடியும் என்று தோன்றியது. அடுத்தவன் பூட்டை நம்பி இறங்காதே என்று அவர் சொல்லிக்கொடுக்காத ஆள் அந்த ஆலையில் இல்லை.

குழி, ஸ்விட்ச் அறையின் தரைக்கு நேர் கீழே. கேபிள்கள் இறங்கும் துளை வழியாக மேலே இருமினால் கீழே கேட்கும். கணுக்கால் அளவு தண்ணீர், அதன்மேல் ஆடை போலக் காகிதக் கூழ். போனின் டார்ச்சை அடித்தார். சுவரில் பாசி, மூலையில் கிழிந்த ரப்பர் கையுறை ஒன்று, நடுவில் கறுத்து உட்கார்ந்திருக்கும் மோட்டார். எரிந்த வார்னிஷ் வாடை. மோட்டாரின் கருகிய கம்பிச்சுருளை மாற்றிப் புதுசாக்கிப் பத்து மாதமாகிறது. இந்த வாடைக்கு இங்கே வேலையில்லை.

மின்முனைப் பெட்டியின் மூடி திறந்திருந்தது.

காலையில் அவரே பார்த்தபோது மூடியிருந்தது. நான்கு திருகுகளும் இப்போது மோட்டார் மேல் மல்லாத்தி வைத்த ஒரு தொப்பிக்குள் வரிசையாக, முனை மேலே பார்க்க நிற்கவைக்கப்பட்டிருந்தன. அப்படி நிறுத்திவைக்கிற பழக்கம் உலகத்தில் ஒருவனுக்குத்தான் இருந்தது. சின்ன வயதில் சோழிகளைக்கூட அவன் அப்படித்தான் அடுக்குவான்.

"டேய்," என்றார். குரல் தண்ணீரில் விழுந்து நின்றுவிட்டது.

நடு நட்டு தளர்ந்திருந்தது. ஒரு சுற்று இறுக்கினால் போதும். பார்த்துக்கொண்டு சும்மா நிற்க எந்த எலக்ட்ரீஷியனாலும் முடியாது. அவருக்கே தெரியாமல் வலது கை போய் நட்டைப் பிடித்தது.

பிடித்த கை திரும்பி வரவில்லை.

இழுத்தார். விரல்கள் இறுகின. மின்சாரம் பிடித்தால் கை இப்படித்தான் மூடிக்கொள்ளும், விரிக்க முடியாது, அவருக்குத் தெரியும். ஆனால் மின்சாரம் இல்லை. இன்னும் இல்லை.

இடது கையால் போனில் தம்பி மனைவியின் எண்ணை அழுத்தினார். அவள் உடனே எடுத்தாள். குரலில் சிரிப்பு.

"என்ன மாமா, கண்ணாடிக்குப் பின்னாடி நின்னுக்கிட்டே போனா? ஒரு குரல் குடுத்தா வரமாட்டேனா?"

"அம்மா, நான் கீழ இருக்கேன். பம்பு குழியில."

"விளையாடாதீங்க மாமா. உங்க முதுகு தெரியுதே எனக்கு. கையில என்னது, சாவியா?"

போனைக் கழுத்தில் இடுக்கிக்கொண்டு இடது கையால் பையைத் தடவினார். வீட்டுச்சாவி. பீரோச்சாவி. இரண்டுக்கும் நடுவில் வெறும் வளையம்.

மேலே, துளை வழியாக, சின்னதாக ஒரு சத்தம். பூட்டு திறக்கும் சத்தம்.

"இப்ப ஜன்னல் வழியா எட்டிப் பாக்குறீங்க," என்றாள் அவள். இப்போது சிரிப்பு இல்லை. "ஸ்டாண்டத்தானே பாக்குறீங்க? என் ஜன்னல்லயும் தெரியுது, உங்க வண்டி அங்க இல்லையே மாமா. எங்க விட்டீங்க?"

"அம்மா. கேளு. அவன் பூட்டு மாட்டினாம்மா."

கழுத்திலிருந்து நழுவிய போனைத் தோளால் அழுத்திக்கொண்டார்.

"மாட்டினான். நான்தான் கழட்டினேன். மாத்துச்சாவி எங்கிட்ட இருந்துச்சு. போய்ப் பாக்கல. போயிட்டான்னு நெனச்சேன். பூட்டத் தொட்டியில போட்டேன். அவன் மேல தப்பே இல்லம்மா."

அவள் மூச்சு கேட்டது.

மேலே கைப்பிடி இழுபட்டது. பிரேக்கரை ஏற்றுமுன் ஸ்பிரிங்கை ஏழு தடவை இழுக்க வேண்டும். பிறகு பச்சைப் பொத்தான்.

கர்ரக். ஒன்று.

"அங்க நிக்கிற ஆளத் தடும்மா. கண்ணாடியத் தட்டு."

கர்ரக்.

நாற்காலி நகரும் சத்தத்துக்காகக் காத்திருந்தார். நகரவில்லை. மூச்சு மட்டும். சீராக. நிதானமாக.

மூன்று. நான்கு.

தண்ணீர் நடுங்கியது. தொப்பிக்குள் திருகுகள் ஒன்றோடொன்று மெல்ல உரசின.

ஐந்து.

வாய்விட்டுக் கத்தினார். துளை வழியாகச் சத்தம் மேலே போயிருக்கும். கைப்பிடி ஒரு கணம் நின்றது. மேலே அந்த ஆள் காது கொடுத்துக் கேட்டான். அவருக்கு அது தெரிந்தது. அன்றைக்கு மேலே நின்ற அவருக்கும் ஏதோ கேட்ட மாதிரி இருந்தது. குழாயில் தண்ணீர் இறங்குகிறது என்று நினைத்துக்கொண்டார்.

ஆறு.

டார்ச் வெளிச்சத்தில் தன் வலது கையைப் பார்த்தார். நட்டின்மேல் அவர் விரல்கள். அவற்றின்மேல், ஒவ்வொரு விரலுக்கும் ஒரு விரலாக, கறுத்து வெடித்த இன்னொரு கை. மணிக்கட்டுக்கு மேல் ஒன்றுமில்லை, இருட்டுதான். அது அழுத்தவில்லை. பிரித்தெடுக்க வந்த மாதிரி ஒவ்வொரு விரலாகத் தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்தது.

ஏழு.

மேலே அந்த ஆள் மெல்லச் சிரிக்கிறான். அந்தச் சிரிப்பு அவருக்கு நன்றாகத் தெரியும். மறந்துட்டுப் போயிட்டான் கழுத என்று சிரிக்கிறான். விரல் இப்போது பச்சைப் பொத்தானைத் தேடும். ஏணிப் பக்கம் அவன் திரும்பமாட்டான். கீழே வந்து பார்க்கமாட்டான்.