வாலுக்கு முன்னால் வந்தது யார்?

"ஐயோ... கால்...!"

காட்சிமுனைத் தொலைநோக்கியிலிருந்து கண்ணைப் பிய்த்துக்கொண்டு அலறினாள் புதுப்பெண்.

அவள் தேடியது அருவியை.

கிடைத்தது ஒரு பழுப்பு பூட்ஸ். பூட்ஸுக்குள் ஒரு கால். காலுக்கு மேலே, பாறை இடுக்கில் மடங்கிக் கிடந்த ஓர் ஆள்.

கழுத்தில் பைனாகுலர்.

முகத்தைப் பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. பேருந்தில் ஏறிய நாளிலிருந்து அவருக்கு அதுதான் பெயர். தனியாக வந்தவர். சாப்பிடும்போதுகூட அதைக் கழற்றாதவர். பறவை என்றால் உயிர்.

அந்த உயிர் இப்போது இல்லை.

புதுமாப்பிள்ளை அவளைத் தாங்கிப் பிடித்தான். மற்றவர்கள் கம்பித் தடுப்பை நோக்கி ஓடினார்கள்.

"யாரும் ஓரத்துக்குப் போகாதீங்க. இருக்கிற இடத்துலயே உக்காருங்க."

சொன்னவள் தலை.

அதென்ன தலை?

மலைப் பூங்காவில் ஒரு கூட்டத்தை நடத்திக்கொண்டு போவது லேசான காரியம் இல்லை. மரம், மூடுபனி, கொண்டை ஊசி வளைவு... முன்னால் போகிறவரின் முதுகு பின்னால் வருகிறவருக்குத் தெரியாது. பாதை எங்கே இரண்டாகப் பிரிகிறதோ, அங்கேதான் ஆள் தொலைவான்.

அதற்கு ஓர் அழகான ஏற்பாடு இருக்கிறது.

முதலில் போகும் வழிகாட்டி, தலை. கடைசியில் வரும் வழிகாட்டி, வால். தலையை யாரும் முந்தக் கூடாது. வாலுக்கு யாரும் பிந்தக் கூடாது. பாதை பிரியும் இடம் வந்தால், தலை தனக்கு அடுத்து வருகிறவரை அங்கே நிறுத்திவிட்டுப் போவாள். அவர்தான் கம்பம். வழிகாட்டிக் கம்பம் மாதிரி நின்று, வருகிறவர்களுக்கெல்லாம் கையைக் காட்ட வேண்டும். வால் வந்து சேரும்வரை நகரக் கூடாது. வால் வந்ததும், அவருக்கு முன்னால் நடக்க வேண்டும்.

அடுத்த பிரிவில் தலைக்குப் பின்னால் யாரோ, அவர் அடுத்த கம்பம்.

வால் வரும்போது கம்பத்தைக் காணவில்லையா? விசில். மொத்தக் கூட்டமும் நின்ற இடத்தில் நிற்கும்.

கயிறு வேண்டாம், வரைபடம் வேண்டாம். ஒரு குழந்தைகூடத் தொலையாது.

இன்று தொலைந்தவர் பைனாகுலர். முதல் பிரிவின் கம்பம்.

விசில் சத்தம் யார் காதிலும் விழவில்லை.

தலை நாற்பதைத் தாண்டிய பெண். உரிமம் அவள் பெயரில். வால், அவள் கணவன். நடுவில் மருந்துப் பையைச் சுமந்து நடப்பவள், அவள் தங்கை. அம்மா போன பிறகு அக்காவே தலை வாரி, பள்ளிக்கு அனுப்பி, நர்ஸ் படிக்க வைத்த தங்கை.

குடும்பத் தொழில். குடும்பத்தை நம்பிய தொழில்.

*

பூங்கா விடுதியின் சாப்பாட்டுக் கூடம்.

ஈர மழைக்கோட்டுகள் கதவுக்குப் பின்னால் சொட்டிக்கொண்டிருந்தன. கூட்டம் மர பெஞ்சுகளில் உட்கார்ந்திருந்தது. மீட்புக்குழு கயிறு போட்டு உடலை மேலே கொண்டுவந்துவிட்டது. பூட்ஸ் சேற்றை ஒரு குச்சியால் சுரண்டியபடியே இன்ஸ்பெக்டர் விசாரித்தார்.

தலை நடந்ததைச் சொன்னாள். காலையில் பைனாகுலர் வேக வேகமாக முன்னால் வந்தார். தனியாக ஒரு விஷயம் சொல்ல வேண்டும் என்றார். என்னவென்று கேட்பதற்குள் முதல் பிரிவு வந்துவிட்டது. இடது பக்கம் காட்சிமுனைக்குப் போகும் பாதை. வலது பக்கம் மூடிவிட்ட பழைய பாதை, சில எட்டில் பள்ளம். அடுத்து நின்றவர் அவர். எனவே, கம்பம் அவர்.

"அவரு வானத்தையே பாத்துட்டு நடக்கிற ஆளு" என்றார் இன்ஸ்பெக்டர். "அவரப் போயி பள்ளத்துகிட்ட நிறுத்தியிருக்கீங்க."

"அடுத்து வர்றவர்தான் சார் நிக்கணும். ஆளப் பாத்து நிறுத்த ஆரம்பிச்சா, யாரு எங்க நின்னாங்கன்னு நமக்கே குழம்பிடும்."

"நல்ல ரூலும்மா. ஆளுதான் இல்ல."

அவள் தலைகுனிந்தாள். சொல்ல வந்ததைச் சொல்லவிடாமல் அவரைக் கம்பமாக்கியது அவளுடைய கைதானே?

அடுத்து வால்.

ஈரத் தொப்பியை மடித்துக்கொண்டே வந்து நின்றான். நிதானமாகப் பேசினான். பிரிவுக்கு வந்தபோது அங்கே யாரும் இல்லை. ஏதோ பறவையைப் பார்த்துவிட்டு முன்னாலேயே நடந்திருப்பார் என்று நினைத்தானாம்.

"அப்ப விசில் ஊதியிருக்கணுமே?"

அவன் மனைவியைப் பார்த்தான். பிறகு தரையைப் பார்த்தான்.

"அவதான் சார் ஊத வேணாம்னுட்டா. போன சீசன்ல விசில் சத்தம் கேட்டு ஒரு அம்மா மயங்கி விழுந்துட்டாங்க. அதுலேருந்து கூட்டம் மிரளுது, ஊதாதீங்கன்னு கண்டிஷனா சொல்லிட்டா. நான் வாலு சார். தலை சொல்றதத்தான் கேக்கணும்."

பெஞ்சுகளில் ஒரு முணுமுணுப்பு ஓடியது. அத்தனை கண்களும் அவள் மேல்!

அவள் அப்படிச் சொன்னதே இல்லை.

இன்று காலையில்கூட விசிலைத் துடைத்து, அவன் கழுத்தில் அவள்தான் மாட்டிவிட்டாள்.

'பயந்துட்டாரு' என்று நினைத்துக்கொண்டாள். பின்னால் எங்கேயாவது சிகரெட் பிடித்துக்கொண்டு நின்றிருப்பார். மாட்டிக்கொண்டதும் வாய்க்கு வந்ததைச் சொல்கிறார். பயத்தை மன்னிக்கலாம். புருஷன்தானே? ஒருமுறை நிமிர்ந்து பார்த்தால் போதும்...

அவன் நிமிரவில்லை. தொப்பியை இன்னும் சின்னதாக மடித்தான்.

தங்கை பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். மருந்துப் பையை மடியில் அணைத்தபடி, அக்காவின் முதுகைத் தடவினாள்.

"ஒத்துக்கோக்கா. அலட்சியம்னுதான் கேஸ் போடுவாங்க. லைசென்ஸ் போகும், அவ்வளவுதானே. நாங்க ரெண்டு பேரும் இருக்கோம்ல."

அவ்வளவுதானே!

மழையிலும் பனியிலும் நடந்து நடந்து சம்பாதித்த பெயர். அது போகும். கூடவே ஜெயில். திரும்பி வந்தால் எந்த மலையும் அவளை உள்ளே விடாது. அதைத்தான் தங்கை சுண்டைக்காய் மாதிரி தட்டிவிட்டாள்.

இன்ஸ்பெக்டர் தங்கையிடமும் கேட்டார். அவள் தயங்கவில்லை. எப்போதும் போல நடுவில்தான் நடந்தாளாம். பைனாகுலர் கையைக் காட்டினாராம். இவள் போய்விட்டாளாம்.

கான்ஸ்டபிள் பேனாவைத் திறந்தார்.

"அலட்சியத்தால் மரணம்னு எழுதுய்யா."

தலை எழுந்தாள்.

"எழுதறதுக்கு முன்னாடி டீச்சர்கிட்ட ஒண்ணு கேக்கணும் சார்."

ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தவர் கணக்கு டீச்சர். இரண்டாவது பிரிவின் கம்பம். அவரை ஏற்கெனவே விசாரித்தாயிற்று, சம்பவ இடத்திலிருந்து ரொம்ப தூரம், அவர் எதையுமே பார்க்கவில்லை என்று சலித்துக்கொண்டார் இன்ஸ்பெக்டர்.

"எதப் பாத்தாங்கன்னு கேட்டிருப்பீங்க சார். யாரப் பாத்தாங்கன்னு கேட்டிருக்க மாட்டீங்க."

குச்சி நின்றது.

"கேளுங்க."

"டீச்சர், உங்களத் தாண்டிக் கடைசியா வந்தது யாரு?"

"உங்க வீட்டுக்காரர்."

"அவருக்கு முன்னாடி?"

டீச்சர் கண்ணை மூடிக்கொண்டார். வகுப்பில் வருகைப்பதிவு எடுப்பதுபோல ஒவ்வொரு முகமாக நகர்த்திப் பார்த்தார்.

"நர்ஸ் பொண்ணு. மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்கிட்டு வந்துச்சு. முழங்கையெல்லாம் சேறு. விழுந்துட்டியாம்மான்னு கேட்டேன். இல்லன்னுச்சு."

தலை திரும்பித் தங்கையின் முழங்கையைப் பார்த்தாள்.

வாலைத்தான் அவள் சந்தேகப்பட்டாள். அதுவும் ஒரு சிகரெட்டுக்காக.

"இதுல என்னம்மா இருக்கு?" என்றார் இன்ஸ்பெக்டர்.

அவள் விளக்கினாள். குரல் நடுங்கியது, கணக்கு நடுங்கவில்லை. வாலுக்கு முன்னால் வரவேண்டியது முந்தின கம்பம். அதாவது பைனாகுலர். அவர் இல்லையென்றால், வரிசையில் கடைசியாக நடந்தவர் வர வேண்டும். நடுவில் போகிற ஆள் கடைசிக்கு வர ஒரே வழிதான். எங்கேயோ நின்றிருக்க வேண்டும். மற்றவர்களைப் போகவிட்டு, வாலுக்காகக் காத்திருக்க வேண்டும்.

"நடுவுல நடந்தேன்னு எதுக்குடி சொன்ன?"

தங்கை சிரிக்கப் பார்த்தாள்.

"முள்ளு குத்திடுச்சுக்கா. பாதி வழியில உக்காந்துட்டேன். மாமா வந்து எடுத்துவிட்டாரு. இதெல்லாம் ஒரு விஷயமான்னுதான் சொல்லல."

"ஆமா சார், முள்ளுதான்" என்றான் வால். அவசரமாக.

அந்த அவசரம் இன்ஸ்பெக்டருக்குப் பிடிக்கவில்லை.

"எந்தக் கால்?"

"வலது" என்றாள் தங்கை.

"இடது" என்றான் வால்.

இரண்டு பதில்களும் ஒரே நேரத்தில் வந்தன.

கான்ஸ்டபிள் பேனாவை மூடினார். அந்த அமைதியில்...

"க்ஈ..."

எல்லோரும் திரும்பினார்கள்.

"க்ஈ... க்ஈ..."

சத்தம் தங்கையின் மடியிலிருந்து வந்தது. மருந்துப் பைக்குள்ளிருந்து!

அவள் பையை இறுக்கிக்கொண்டாள். அக்கா கையை நீட்டினாள். விரல் விரலாகப் பிரித்துத்தான் பையை வாங்க வேண்டியிருந்தது.

பை வெதுவெதுப்பாக இருந்தது.

உள்ளே கட்டுத்துணி, பஞ்சு. பஞ்சுக்கு அடியில் குளிருக்குக் கையில் பிடித்துக்கொள்ளும் சூட்டுப் பொட்டலங்கள். அவற்றில் இருப்பது இரும்புத்தூள். காற்றுப் பட்டதும் துருப்பிடிக்கும், துருப்பிடிக்கும்போது சூடு கக்கும். ஒரு தாய்ப்பறவையின் வயிற்றுச் சூட்டை அதை வைத்தே உண்டாக்கிவிடலாம்.

உண்டாக்கியிருந்தார்கள்.

நடுவில் செம்புள்ளி போட்ட மூன்று முட்டைகள். ராஜாளி முட்டைகள். வளர்க்கத் துடிக்கும் பெரிய மனிதர்களுக்கு ரகசியமாகப் போய்ச் சேர வேண்டிய சரக்கு. பூங்கா வாசலில் எல்லாப் பையையும் குடைந்து பார்ப்பார்கள். மருந்துப் பையை மட்டும் கும்பிடாத குறையாக விட்டுவிடுவார்கள்.

திருடர்கள் எல்லாவற்றையும் யோசித்திருந்தார்கள். ஒன்றைத் தவிர. முட்டைக்குள் இருக்கும் குஞ்சு, ஓட்டை உடைத்து வெளியே வருவதற்கு முன்பே கத்த ஆரம்பித்துவிடும்.

ஒரு முட்டையில் நட்சத்திரம்போல விரிசல். விரிசலில் ஒரு துளி மூக்கு.

வால் முதலில் உடைந்தான்.

"அவதான் சார் தள்ளினா. நான் வரும்போது எல்லாம் முடிஞ்சுபோச்சு."

தங்கை அவனை நிமிர்ந்து பார்த்தாள்.

"அவரு கையப் புடிச்சிருந்தது யாரு மாமா?"

அதன்பிறகு மறைக்க ஒன்றும் மிச்சம் இல்லை.

அவளே சொன்னாள். முந்தின நாள், கூட்டம் ஓய்வெடுக்கும்போது மாமா கயிறு கட்டிப் பாறையில் இறங்கினார். வாலுக்குப் பின்னால் பார்க்க யாரும் கிடையாது. அதுதான் அந்த வேலையில் உள்ள சௌகரியம். ஆனால் தூரத்து முகட்டிலிருந்து பைனாகுலர் பார்த்துவிட்டார். அதைத் தலையிடம் சொல்லத்தான் காலையில் முன்னால் ஓடியிருக்கிறார். கம்பமாக நிறுத்தப்பட்டதும், கடந்து போன நர்ஸைக் கூப்பிட்டிருக்கிறார். தங்கையாயிற்றே! கேட்டுவிட்டு நகர்ந்தவள் ஒரு மரத்துக்குப் பின்னால் ஒதுங்கி, கூட்டம் கடந்ததும் மாமாவோடு அவரிடம் திரும்பி வந்திருக்கிறாள்.

"என்னடி சொன்னாரு உன்கிட்ட?"

தங்கை தரையைப் பார்த்துச் சொன்னாள்.

"'உங்க அக்கா ரொம்ப நல்லவங்கம்மா. புருஷன் இப்படின்னு தெரிஞ்சா தாங்க மாட்டாங்க. நீயே பக்குவமா சொல்லிடு'ன்னாரு."

அக்கா பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள்.

முன்பின் தெரியாத ஒரு மனிதர். மூன்று நாள் பழக்கம். அவள் மனசு நோகக் கூடாது என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது.

"உனக்குத் தெரியாம இருந்தா உனக்கு எதுவும் வராதுன்னுதான் சொல்லல" என்றான் வால். "உன்னக் காப்பாத்தத்தான்..."

"கொலைய என் தலையில கட்டினீங்களே, அதுவும் காப்பாத்தத்தானா?"

பதில் தங்கையிடமிருந்து வந்தது, அழுகையோடு.

"உன் பேரு சுத்தமா இருந்துச்சுக்கா. உன் கூட்டத்த யாரும் சந்தேகப்பட மாட்டாங்க. அதான்..."

"அப்ப நான் யோக்கியமா இருந்தது உங்களுக்கு ஒரு வசதி."

அவள் கத்தவில்லை. பனிக்காற்று கதவிடுக்கு வழியாக வந்தது. பையைத் திறந்தே வைத்தால் முட்டை குளிர்ந்துவிடும் என்பது அந்த நேரத்திலும் அவளுக்குத் தோன்றியது. பஞ்சை இழுத்து மூடினாள். மூக்கு நுழையும் அளவுக்கு இடம் விட்டு.

இருவர் கையிலும் விலங்கு ஏறியது. வாசலைத் தாண்டும்போது தங்கை திரும்பிப் பார்த்தாள். அக்கா திரும்பவில்லை.

கான்ஸ்டபிள் பழைய தாளைக் கிழித்துவிட்டுப் புதுத் தாளை எடுத்தார். கணக்கு டீச்சரை இரண்டாவது சாட்சியாகப் போடச் சொன்னார் இன்ஸ்பெக்டர்.

"அப்ப முதல் சாட்சி யாரு சார்?"

இன்ஸ்பெக்டர் பையை நோக்கித் தாடையைக் காட்டினார்.

"க்ஈ..."

கான்ஸ்டபிள் தலையைச் சொறிந்தார். "பேரு, வயசு சார்?"

"பேரு அப்புறம் வெச்சுக்கலாம்" என்றார் இன்ஸ்பெக்டர், விரிசலைக் குனிந்து பார்த்தபடி. "வயசு... இன்னும் முழுசாப் பொறக்கலன்னு எழுதிக்கோ!"