உதட்டுக்கு ஒட்டாத குரல்

எவலின் படத்தை நிறுத்திய பிறகும் அந்தப் பெண் பேசிக்கொண்டிருந்தாள்.

திரையில் வாய் பாதி திறந்தபடி உறைந்திருந்தது. குரல் மட்டும் மிச்சமிருந்த இந்தி வார்த்தைகளை நிதானமாகச் சொல்லிவிட்டு அடங்கியது. டிவி பழசு, அவ்வளவுதான் என்று எவலின் நினைத்துக்கொண்டாள். மலேசியாவின் கூலிம் ஊரில் சிப் தொழிற்சாலையில் இரவு ஷிஃப்ட் முடித்து, பாக்கார் ஆராங்கில் இருந்த வீட்டுக்கு வந்து, திரைச்சீலையை இழுத்துவிட்டு, மத்தியானம் வரை புரண்டும் தூக்கம் பிடிக்காத உடம்புக்கு அதற்குமேல் யோசிக்கத் தெம்பில்லை.

பென் டிரைவில் இந்தப் படங்களைப் போட்டுத் தந்தவள் கூட வேலை செய்யும் ஷாமளா. எந்தெந்த நாட்டிலோ எடுத்த, தோலை உரிக்கிற, கண்ணைத் தோண்டுகிற படங்கள். எல்லாவற்றுக்கும் இந்தியில் டப்பிங் குரல். எவலினுக்கு இந்தியில் ஒரு சொல்லும் தெரியாது.

"தமிழ்ல கேட்டா சிரிப்பு வந்துரும்லா. புரியாம கேட்டாத்தான் பயம்," என்றிருந்தாள் ஷாமளா.

உண்மைதான். இரவெல்லாம் மைக்ரோஸ்கோப்பில் குனிந்து மரத்துப்போன மனதை அந்த அலறல்கள்தான் கொஞ்சம் கிள்ளின. போகப்போக வாயைப் பார்க்கும் பழக்கம் ஒட்டிக்கொண்டது. குரல் ஒன்று சொல்லும், உதடு வேறொன்று சொல்லும். எங்கே ஒட்டுகிறது, எங்கே குவிகிறது என்று பார்த்துப் பார்த்து, அடியில் அமுங்கிப்போன பேச்சைத் தேடுவாள்.

வெளியே மழை கட்டியிருந்தது. புழுக்கம். எங்கோ பெலாச்சான் இறால் விழுது வறுக்கும் வாடை. கார் வந்து நின்றது. கணவன் பிரெடி வேலை முடிந்து வாசலில் நின்றான்.

"தண்ணி இருக்கா?"

அவன் குரல்தான். ஆனால் கேட்டு முடித்த பிறகுதான் வாய் அசைந்தது. எவலின் கண்ணைத் தேய்த்துக்கொண்டாள். மறுபடியும் கேட்டான். அந்த வார்த்தைகளைச் சொல்ல உதடு ஒட்டவேண்டியதில்லை. அவனுடைய உதடுகள் ஒட்டின. குவிந்தன.

போ.

"என்ன, களைப்பா இருக்கா? கிட்ட வா."

சிரிக்கிற குரல். கண்ணில் நீர். உதடுகள் ஒட்டின. குவிந்தன. போ. போயிரு. கழுத்து நரம்பு புடைத்தது. அவன் கத்துகிறான். சத்தமில்லை.

அவன் கை பின்னால் போனது. வாசல் கிரில் கதவை இழுத்தது. பூட்டியது. வேண்டாம் என்று அந்தக் கையைப் பார்த்து அவனே தலையாட்டினான்.

எவலின் கத்தினாள். ஆண்டவரே என்று. பக்கத்து வீட்டுப் பிரேமாவதி அக்காவைப் பேர் சொல்லி. தொண்டை கிழிந்தது. தாடை வலித்தது.

ஆனால் அறையில் கேட்டது அவளுடைய வழக்கமான குரல்தான். இதமாக.

"இதோ வரேன், பிரெடி."

கால்கள் எழுந்தன.

கிரில்லுக்கு அப்பால், மழைக்கு முன் துணி எடுக்க வந்த பிரேமாவதி அக்கா, பிரெடியின் முதுகைப் பார்த்து, உள்ளே கேட்ட பேச்சுக்குத் தனக்குள் சிரித்துக்கொண்டு, கடைசித் துணியையும் எடுத்துப் போனாள்.