மூன்றாம் மாடிக்கு வந்த பெண்

கல்கத்தாவில், வக்கீல் ஜகதாம்பாளின் காளிகாட் வீட்டில் வெங்கடசுப்ரமணியன் இரண்டாவது காபிக்கு அடிபோட்டுக்கொண்டிருந்தபோதுதான் செல்வராஜ் மகளைக் கூட்டிக்கொண்டு வந்தார். ரயில்வேக்காரர், பெஹாலாவாசி. மகள் மதுவந்திக்கு இடது காலில் இரும்புப் பட்டை. கைத்தடி ஊன்றித்தான் நடை. வாசலின் இரண்டு படி ஏறவே அவளுக்கு அப்பாவின் தோள் வேண்டியிருந்தது.

"ஃபிஸிக்ஸ் சீட் கிடைச்சுது மேடம். இப்ப கேன்சல்ங்கறாங்க. செப்டம்பர் பதினேழு இவளே காலேஜுக்கு வந்து சீட் வேணாம்னு சொன்னாளாம். ஒரிஜினல் மார்க்‌ஷீட்டையும் தராம இழுத்தடிக்கறாங்க. அது இருந்தாத்தானே வேற காலேஜுக்காவது போகலாம்? இந்த வருஷம் போச்சுன்னா..." செல்வராஜ் மகளைப் பார்த்தார்.

"நான் போகவே இல்ல, மாசி. அன்னிக்கு ஜுரம், வீட்லதான் படுத்திருந்தேன்," என்றாள் மதுவந்தி. சித்தியை 'மாசி' என்றழைப்பது வங்காள வழக்கம்.

ஜகதாம்பாள் தலையாட்டிக்கொண்டாள். வெங்கடசுப்ரமணியன் அவளுடைய அக்கா கணவர். பாங்க் உத்தியோகத்திலிருந்து ஓய்வுபெற்ற நாள்முதல் மைத்துனியின் வழக்குகளில் மூக்கை நுழைப்பதே அவர் தொழில்.

"சீட்டு யாருக்குப் போச்சோ, அவன் வேலைதான். கிளம்பு," என்று செருப்பை மாட்டினார்.

"நாளைக்குப் போகலாம், அத்திம்பேர். முதல்ல காபியைக் குடிங்கோ."

மறுநாள் நால்வரும் பாலிகஞ்சிலிருந்த அந்தக் கல்லூரிக்குப் போனார்கள். பழைய கட்டிடத்தில் புத்தம்புது லிஃப்ட். கதவின் மேல் வாடிய சாமந்தி மாலை, பொத்தான்களின் பக்கத்தில் குங்குமப் பொட்டு.

"லிஃப்டுக்கும் திருஷ்டி கழிக்கறா பாரு," என்று சிரித்தார் வெங்கடசுப்ரமணியன். ஜகதாம்பாள் சிரிக்கவில்லை.

மூன்றாம் மாடி ஆபீஸில் ஹெட்கிளார்க் ஹால்தார் பாபு அவர்களுக்கு டீ நீட்டினார். நீட்டிய கையின் ஆள்காட்டி விரலில் மெல்லிய கோடுகளாக ஆறிவரும் காயங்கள்.

"பதினேழாம் தேதி மத்தியானம் வந்தாள். பாவம், அந்தக் காலோடு," என்றார் வங்காளத்தில். "நானே லிஃப்ட் கதவைத் திறந்துவிட்டேன். சீட் வேண்டாம் என்றாள். கம்ப்யூட்டரில் ரத்து செய்தேன். அட்மிஷன் கடைசி நாள். மாலைவரை நான் ஆபீஸை விட்டு நகரவே இல்லை."

"இவ்வளவு இரக்கமா பேசறவர் பொய் சொல்வாரா?" என்று வெங்கடசுப்ரமணியன் கிசுகிசுத்தார். ஜகதாம்பாள் டீயைக் குடித்து முடித்தாள். பிறகு எல்லோரையும் பிரின்ஸிபால் அறைக்கு அழைத்துப்போனாள்.

"மேடம், உங்கள் லிஃப்டுக்கு எப்போது பூஜை போட்டீர்கள்?"

"விஸ்வகர்மா பூஜையன்று. புது லிஃப்ட், முதல் பூஜை. இயந்திரத்துக்கு அன்று முழுக்க ஓய்வு தரவேண்டும் என்று நானே நிறுத்திவைத்தேன். முட்டிவலியோடு மூன்று மாடியும் ஏறினேன்..." சொல்லும்போதே பிரின்ஸிபாலின் முகம் மாறியது. இயந்திரங்களுக்கான விஸ்வகர்மா பூஜை, அங்கத்திய ஆயுதபூஜை, செப்டம்பர் பதினேழில்தான் என்று வங்காளத்தில் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை.

"ஓடாத லிஃப்டில் இவள் வந்தாளாம். கதவை இவர் திறந்துவிட்டாராம்," என்றாள் ஜகதாம்பாள், குரலை உயர்த்தாமல். "ஹால்தார் பாபு, இவளால் படி ஏற முடியாது என்று தெரிந்துதான் கதையில் லிஃப்டைச் சேர்த்தீர்கள். நீங்களே அன்று ஆபீஸுக்கு வந்திருந்தால் லிஃப்ட் நின்றது தெரிந்திருக்கும். விஸ்வகர்மா பூஜை என்றாலே பட்டம்தான், அன்று ஊரே மொட்டைமாடியில் பட்டம் விட்டது. உங்கள் விரலில் இருப்பது மாஞ்சா நூல் அறுத்த கோடு. வீட்டிலிருந்தபடியே கம்ப்யூட்டரில் இவள் சீட்டை ரத்து செய்துவிட்டீர்கள்."

ஹால்தார் பாபு தரையைப் பார்த்தார். "அந்தச் சீட் கிடைத்த ரஞ்சன் என் தங்கை மகன். வெயிட்டிங் லிஸ்டில் முதல் ஆள்," என்றார்.

அந்த மாலையை வெங்கடசுப்ரமணியனும்தான் பார்த்தார், அந்த விரலையும் பார்த்தார். ஒன்றும் கண்ணில் பட்டதாகவே இல்லை.

"சீட்டை இப்போதே திருப்பித் தந்துவிடுகிறேன்," என்றார் பிரின்ஸிபால் அவசரமாக.

"தரவேண்டியதுதான். மார்க்‌ஷீட்டைப் பிடித்துவைக்கவும் உங்களுக்கு உரிமை கிடையாது. ஆனால் ஒன்று விட்டுப்போயிருக்கிறது. ஒரு மாணவியின் இடத்தைப் பறிக்குமுன் அவளை ஒரு வார்த்தை கேட்கவேண்டும் என்கிறது சட்டம். இப்போதாவது கேளுங்கள்."

பிரின்ஸிபால் மதுவந்தியின் பக்கம் திரும்பினார். "நீ வந்தாயா, அம்மா?"

இத்தனை நாளில் கல்லூரியில் ஒருவரும் அவளிடம் அதைக் கேட்டிருக்கவில்லை. அவள் கைத்தடியை ஊன்றி, அப்பாவின் தோளைத் தேடாமல் எழுந்து நின்றாள்.

"வரவில்லை, மேடம். வந்திருந்தால், வேண்டும் என்றுதான் சொல்லியிருப்பேன்."

அவள் நிற்பதைப் பார்த்து பிரின்ஸிபாலும் எழுந்துவிட்டார். வெங்கடசுப்ரமணியன், தாம் எப்போது எழுந்தோம் என்றே தெரியாமல் நின்றுகொண்டிருந்தார்.