பூட்டிய கதவும் நாற்பத்திரண்டு பேரும்

மாணவிகள் கழிப்பறைக்குப் பூட்டுப் போட்டு அன்றோடு ஐந்து நாள் ஆகிவிட்டது.

யாரோ குழாயை உடைத்துவிட்டார்கள். தண்ணீர் வராண்டா வரை ஓடியது. யார் உடைத்தது என்று தலைமையாசிரியை சந்திரா கேட்டார். ஒருவரும் வாய் திறக்கவில்லை.

"உண்மையைச் சொல்ற வரைக்கும் பூட்டு தொங்கட்டும்" என்று சாவியைக் கைப்பையில் போட்டுக்கொண்டார்.

அன்றிலிருந்து ஒன்பதாம் வகுப்பு அஃப்ஷா காலையில் தண்ணீரே குடிப்பதில்லை. அந்தப் பெண்கள் பள்ளியில் முக்கால்வாசிப் பேர் அப்படித்தான். ஐந்தாம் நாளான அன்று காலை பிரேயரில், ஆர்.கே.பேட்டையிலிருந்து பஸ்ஸில் வரும் ஆறாம் வகுப்புப் பிரியங்கா மயங்கிச் சரிந்தாள். அஃப்ஷாதான் ஓடிப்போய்த் தாங்கிப் பிடித்தாள்.

"தண்ணி குடி, பாப்பா."

"வேணாங்க்கா. குடிச்சா அவசரமா வரும். எங்க போறது?"

அஃப்ஷாவுக்குச் சுருக்கென்றது.

இடைவேளையில் துர்கா ஒரு பெரிய கல்லைத் தூக்கிக்கொண்டு வந்தாள். "வாடி, பூட்டை ஒடச்சிடலாம்!"

"ஒடச்சா, கொழாயையும் நாமதான் ஒடச்சோம்னு சொல்வாங்க. கல்லைக் கீழ போடு. எல்லாரும் பாட்டில் நெறைய தண்ணி குடிங்க."

"உனக்கு என்ன பைத்தியமா?"

"குடிங்கடீ, சொல்றேன்."

மூன்றாவது பாடவேளையில் வகுப்பின் நாற்பத்திரண்டு பேரும் எழுந்து நின்றார்கள்.

"எல்லாருக்குமா அவசரம்?" என்றார் சுலோச்சனா டீச்சர்.

"ஆங், மிஸ்!"

அவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு, "சரி, போங்க" என்றார்.

திறந்திருந்தது ஒரே ஒரு கழிப்பறைதான். அது தலைமையாசிரியை அறையை ஒட்டி, ஆசிரியர்களுக்காக இருந்தது. அதன் முன்னால் அஃப்ஷா போய் நின்றாள். அவளுக்குப் பின்னால் துர்கா. வரிசை வராண்டாவைத் தாண்டி, படி இறங்கி, கொடிக்கம்பம் வரை நீண்டது.

தலைமையாசிரியை வெளியே வந்தார்.

"என்ன இது? ஆடிக் கிருத்திகைக்கு மலையேறப் போறீங்களா?"

"பாத்ரூம் போவணும், மேடம்" என்றாள் துர்கா.

"எல்லாரும் கிளாசுக்குப் போங்க!"

ஒரு கால்கூட நகரவில்லை.

"யார் வேலை இது?"

அஃப்ஷா வரிசையை விட்டு வெளியே வந்தாள். "நான்தான் சொன்னேன், மேடம்."

"நாளைக்கு உங்க அப்பாவைக் கூட்டிக்கினு வா."

"கூட்டிக்கினு வரேன், மேடம். ஆனா பூட்டைத் தெறக்கிற வரைக்கும் இங்கதான் நிப்போம். கொழாய யார் ஒடச்சாங்கன்னு எங்களுக்குத் தெரியாது. காலையில மயங்கி விழுந்த பாப்பா, தண்ணி குடிக்கவே பயப்படுது."

தலைமையாசிரியையின் முகம் மாறியது. "அந்தப் பொண்ணு சாப்பிடாம வந்துடுச்சுன்னு இல்ல நெனச்சேன்..."

அப்போது சுலோச்சனா டீச்சர் வந்து வரிசையின் கடைசியில் நின்றார். "மன்னிச்சுக்கங்க மேடம், எனக்கும் அவசரம்."

தலைமையாசிரியை உள்ளே போய்ச் சாவியை எடுத்துவந்தார். தானே நடந்துபோய்ப் பூட்டைத் திறந்தார். "பிளம்பர் வர்ற வரைக்கும் டிரம்முல தண்ணி வைக்கச் சொல்றேன்" என்றவர், அஃப்ஷாவைப் பார்த்தார். "அப்பா வர வேணாம்."

வரிசை 'ஓ' என்று கத்திக்கொண்டு அங்கே ஓடியது. அஃப்ஷா போவதற்குள் அவள் இடம் போயே போய்விட்டது.

"முன்னாடி வாடி!" என்று கூப்பிட்டாள் துர்கா.

"வரிசைன்னா வரிசைதான்" என்று சொல்லிவிட்டு, டீச்சருக்கும் பின்னால் போய் நின்றாள் அஃப்ஷா.

அவள் முறை வந்தபோது சாப்பாட்டு மணியே அடித்துவிட்டது. வெளியே வந்து பார்த்தால், நாற்பத்தோரு பேரும் டிபன் பாக்ஸைத் திறக்காமல் அவளுக்காகக் காத்திருந்தார்கள்.