மீன்குழம்புக் காட்சி

சந்திரமௌலி சொல்லாத ஒரு வரியைக் கிளி எழுதியிருந்தது.

"டில்லிபாபு சாப்பிட உட்கார்ந்தான்."

அழித்தார். மறுபடி வந்தது.

கிளி என்பது உள்ளங்கையில் அடங்கும் ஒரு கறுப்புக் கருவி. பொத்தானை அழுத்திக் காட்சியைச் சொன்னால், வசனத்தோடு எழுதி நேரே படப்பிடிப்புக்கு அனுப்பிவிடும். சொன்னதைச் சொல்லும் என்பதால் செட்டில் வைத்த பெயர். தொலைக்காட்சித் தொடர் எழுதும் அவருக்குக் கம்பெனி கொடுத்தது. போன மாதம் அதில் ஒரு மழைக் காட்சியைச் சொல்லி முடித்தபோது, மயிலாப்பூரில் அவருடைய தெருவில் மட்டும் மழை கொட்டியது. அடுத்த தெரு காய்ந்து கிடந்தது. மனுஷன் அப்போதே உஷாராகியிருக்க வேண்டாமோ? சிரித்துக்கொண்டே மொட்டைமாடித் துணிகளை எடுத்துவந்தார்.

இன்று சிரிப்பு வரவில்லை. விளக்கு வைக்கும் நேரம். மனைவி வைதேகி கோபாலபுரத்தில் அக்கா வீட்டுக்குப் போயிருந்தாள். கோயில் மணி, எதிர் பிளாட்டின் குக்கர் விசில், கீழே யாரோ ஸ்கூட்டரை உதைத்து உதைத்துக் கிளப்பும் சத்தம், இவ்வளவுக்கும் நடுவே ஆளில்லாத சமையலறையிலிருந்து ஒரு வாசனை மெல்ல ஊர்ந்து வந்தது, முதலில் புளி கொதிக்கிற வாசனையாக, பிறகு பூண்டும் மிளகாயுமாக, அதற்கும் அடியில் மீனாக. முட்டைகூட வாசற்படி தாண்டாத வீடு அது.

மீன் என்றதும் அவருக்கு ஒரே ஒரு ஆள்தான் ஞாபகம் வந்தாள்.

பொன்மணி. நொச்சிக்குப்பத்துக்காரி. காலையில் இங்கே பாத்திரம் தேய்ப்பாள், சாயங்காலம் ரோட்டோரம் மீன் விற்பாள். தேய்த்துக்கொண்டே வைதேகியிடம் தன் புருஷன் கதையைச் சொல்வாள். டில்லிபாபு கடைசியாக அவள் கையால் மீன்குழம்பு சோறு சாப்பிட்டுவிட்டுக் கடலுக்குப் போனவன். படகு மட்டும் கரை ஒதுங்கியது. பேப்பருக்குப் பின்னால் உட்கார்ந்து சந்திரமௌலி ஒரு சொல் விடாமல் கேட்டார். கேட்டதைத் தொடரில் வைத்தார். பெயர்களைக்கூட மாற்றவில்லை, எவ்வளவு கொழுப்பு! மாற்றியது ஒன்றே ஒன்றுதான். குழம்பில் பொன்மணியே விஷம் கலந்ததாக எழுதினார்.

குப்பமே பார்த்தது. அவளிடம் மீன் வாங்க ஆளில்லை. பெற்ற மகளே, "நீதான் அப்பாவ கொன்னியாம்மா?" என்று கேட்டுவிட்டாள். பொன்மணி ஓடிவந்து, மாத்தி எழுது சாரு என்று அழுதாள்.

"கதைதானே பொன்மணி. இதெல்லாம் நெஜம்னு யார் நம்பப்போறா?" என்று காபியை உறிஞ்சினார்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். மேசையைத் துடைத்தாள். மேசைமேல் இருந்த கிளியை எடுத்து, அதையும் துடைத்தாள். அவர் குளிக்கப் போய்விட்டு வரும்வரை அது அவள் கையில்தான் இருந்தது. அன்றோடு வேலைக்கு வருவதை நிறுத்திவிட்டாள்.

இப்போது கிளி பேசியது. அவளுடைய குரலில்.

"இனிமே டில்லிபாபு இந்த சாருதான்."

சந்திரமௌலி செல்போனை எடுத்து வைதேகியைக் கூப்பிட்டார். அவள் குரலைக் கேட்டதும், அப்பாடா, உயிர் வந்தது. வைதேகி, நான்தான், உடனே கிளம்பி வா என்று சொல்ல வாயைத் திறந்தார்.

"நான் டில்லிபாபு பேசறேம்மா. பொன்மணி அங்க கீறாளா?"

அது அவர் வாய்தான். குரல் அவருடையதில்லை.

"யார்டா அது? அவ ஆத்துக்காரர் கடலோட போயிட்டாரே! போன்ல என்ன விளையாட்டு?" வைதேகி பொரிந்துவிட்டுத் துண்டித்தாள்.

மறுபடி கூப்பிட்டார். எடுக்கவில்லை. வாசலுக்கு ஓடினார். கதவு இருந்த இடத்தில் தகரம். தட்டினார், இடித்தார். அதற்கு வெளியே அலைச் சத்தம், வெகு பக்கத்தில். காலுக்கடியில் மொசைக் தரை நறநறத்தது. குனிந்து பார்த்தார். மணல். ஈர மணல். வேட்டி இல்லை, கைலி. உள்ளங்கையில் கயிறு அறுத்த தழும்புகள். அவை அவர் கைகளே இல்லை.

சமையலறையில் பாத்திரம் உருண்டது.

பொன்மணி வந்தாள். கையில் தட்டு. ஆவி பறக்கும் சோறு, செக்கச்செவேலென்று குழம்பு.

"உக்காரு சாரு."

முழங்கால் தானாக மடங்கியது. உட்கார்ந்தார். அவள் எதிரே குந்தினாள்.

"வேணாம்... பொன்மணி... மாத்திடறேன். இப்பவே மாத்திடறேன்."

"நானும் அப்டிதான் கெஞ்சினேன். நீ காப்பி குடிச்சுக்கினு இருந்தே."

கை சோற்றைப் பிசைந்தது. நிறுத்தப் பார்த்தார். நிற்கவில்லை.

"இதுல... என்ன கலந்திருக்கே?"

"நானா? உப்பு, புளி, மொளகா. மிச்சத்த நீதான் எழுதின."

கை உயர்ந்தது. பல்லைக் கடித்தார். வாய் திறந்தது. நாக்கில் காரம். தொண்டையில் தீ. வயிற்றில் கத்தி. நுரை. மணலில் கன்னம். தான் எழுதியபடியே, ஒரு வரி பிசகாமல், செத்தார்.

கண் திறந்தது.

உட்கார்ந்திருந்தார். முகத்தில் ஆவி அடித்தது. தட்டு நிறையச் சோறு, குழம்பு. எதிரே பொன்மணி, கன்னத்தில் கை வைத்தபடி.

"அந்த சீனையே டெய்லி திருப்பித் திருப்பிப் போட்டியே சாரு. எம் பொண்ணு டெய்லி பாத்தா." தட்டை அவர் பக்கம் நகர்த்தினாள். "துன்னு."

கை சோற்றைப் பிசைந்தது.