கைக்குள் பொத்திய மணி

தொப்பி போட்ட அந்த அம்மாள் வழிகாட்டியின் முகத்தைப் பார்க்கவில்லை. அவன் தோளுக்கு மேலாக, அவனுக்குப் பின்னால் எதையோ பார்த்துக்கொண்டிருந்தார்.

அவன் துணிக்கடைக்காரரின் மகன். வாங்க வந்தவரின் கண் எந்த நொடியில் அடுத்த கடைக்குத் தாவும் என்பது அரைக்கால் சட்டை போட்ட காலத்திலிருந்தே அவனுக்குத் தெரியும். குதிரை லாயத்துக் கல்தொட்டியின் பெருமையைச் சொல்லிக்கொண்டிருந்தவன் குரலைக் கொஞ்சம் ஏற்றிப் பார்த்தான். கண் திரும்பவில்லை.

"பாப்பா கையில என்னங்க?" என்றார் அந்த அம்மாள்.

"எந்தப் பாப்பாம்மா?"

"உங்க பின்னாடி நிக்குதே, மஞ்சள் சட்டை. கைய இறுக்கிப் பொத்திட்டு நிக்குது. எதையாவது எடுத்து வாயில போட்டுக்கப் போவுது, பாருங்க."

திரும்பினான். நீண்ட நடை. தூண்களுக்கிடையே சாய்ந்து விழுந்த மாலை வெயில், அந்த வெயிலில் மெதுவாக மிதந்த தூசி, காற்றே இல்லாமல் தரையில் உருண்டு நின்ற ஒரு புறா இறகு. குழந்தை யாரும் இல்லை.

"டிக்கெட் எடுக்காம யாரோ உள்ள வந்திருக்காங்கம்மா. இருங்க, புடிச்சு வசூல் பண்ணிடறேன்" என்றான். கூட்டம் சிரித்தது. அவனும் சிரித்தான். 

மஞ்சள் சட்டை, பொத்திய கை. இரண்டும் கடைசி இடமான தானியக் கிடங்கில் சொல்ல வேண்டிய சங்கதிகள். மூட்டையை அவன் இன்னும் அவிழ்க்கவே இல்லை. அதற்குள் இந்த அம்மாள் உள்ளே இருக்கும் புடவையின் கரையைச் சொல்கிறார்.

அந்தப் பழைய அரச நகரத்தில் அவன் வெகுகாலம் நேர்மையான வழிகாட்டியாக இருந்தவன். கோட்டை வாசல், லாயம், கொலு மண்டபம், குளிப்பு மண்டபம், கடைசியில் தானியக் கிடங்கு. எந்த அரசன், எந்த ஆண்டு, எத்தனை யானை என்று உள்ளதை உள்ளபடி சொல்வான். கேட்பவர்களும் உள்ளபடியே கொட்டாவி விடுவார்கள். வீட்டில் அதற்கு ஒரு விமர்சகி இருந்தாள். இரவு படுக்கையில் அவன் சொல்லிப் பழகும்போது மகள் அவன் வயிற்றின் மேல் காலைப் போட்டுக்கொண்டு கேட்பாள். முன்பல் விழுந்த ஓட்டை வழியாகக் காற்று விட்டபடி, "இது போரு அப்பா. ராஜா சாப்பிட்டாரா, தூங்கினாரா, அத சொல்லு" என்பாள். சொன்னால், "அப்புறம்?" என்பாள். அதற்கும் சொன்னால், அதற்கும் ஒரு "அப்புறம்?".

அந்தப் பல் முளைக்கவில்லை. அதற்குள் ஆஸ்பத்திரி வந்துவிட்டது. மருந்தில் தலைமுடி கொத்துக் கொத்தாக உதிர்ந்தது. கடைசி வாரங்களில் "அப்புறம்?" என்று கேட்கக்கூட மூச்சு போதாமல் புருவத்தை மட்டும் தூக்குவாள். அவனும் சொல்லிக்கொண்டே இருப்பான். ஒரு விடியற்காலை சொல்லிக்கொண்டே இருந்தபோது, தாதி வந்து அவன் தோளைத் தொட்டு, "போதும் சார்" என்றார்.

எல்லாம் முடிந்து வேலைக்குத் திரும்பிய நாளில், கிடங்கின் வாசலில் நின்று, இங்கே நெல்லும் பயறும் சேமித்தார்கள் என்று சொல்ல வாயைத் திறந்தான். வந்தது வேறு. "இங்கே ஒரு குழந்தை இருந்தாள்."

பகைவன் கோட்டையை உடைத்து நுழைந்த அன்று அரசன் தன் குட்டி மகளை இந்தக் கிடங்கில் ஒளித்துவைத்தானாம். மஞ்சள் சட்டை, முழங்காலில் காய்ந்த புண், முன்பல் இல்லாத சிரிப்பு. நான் வந்து கூப்பிடும்வரை சத்தம் வரக்கூடாது என்றானாம். அரசன் வரவே இல்லையாம். கூட்டம் தேம்பியது. ஒருவர் அவன் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை.

முதல் நாள் அது தானாக வந்தது. மறுநாள் அவன் கூட்டிக்கொண்டு வந்தான்.

பிறகு வியாபாரப் புத்தி விழித்துக்கொண்டது. இங்கே ஒரு சரிகை, அங்கே ஒரு மடிப்பு. குட்டி இளவரசியின் இடுப்பில் ஒரு வெள்ளி மணி கட்டினான். அது ஒலிக்காமல் இருக்க அரசன் அவிழ்த்து அவள் கைக்குள் வைத்துப் பொத்தினான் என்று சேர்த்ததும் ஆண்களும் அழுதார்கள். உதிர்ந்த முடிக்கு ஈடாக இடுப்புவரை கூந்தல் கொடுத்தான். அரசன் வந்து காப்பாற்றியதாகவும் ஒருநாள் சொல்லிப் பார்த்தான். கைதட்டினார்கள், கலைந்து போனார்கள். அழுகைதான் நின்று போணியாகும் சரக்கு என்று மறுபடி அவளை இருட்டிலேயே விட்டான். தினமும் விட்டான். வீட்டில் வாய்விட்டுப் பேச முடியாத பெயரை அங்கே மட்டும்தான், வேறு உடுப்புப் போட்டு, ஊரறியப் பேச முடிந்தது. அது காசுக்காக மட்டும் இல்லை என்று மனைவியிடம் சொன்னான். அவள் நம்பவில்லை.

தையல் கடையில் யாரோ ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டு குட்டி இளவரசியின் கதையை அவளிடமே சொல்லியிருந்தாள். முழங்கால் புண்வரை சொல்லியிருந்தாள்.

"எம் பொண்ண கடை வாசல்ல தொங்க விட்டுட்டீங்க" என்றாள் மனைவி. கத்தவில்லை. அண்ணன் வீட்டுக்குப் போகும்போது படங்களையெல்லாம் ஒன்றுவிடாமல் எடுத்துப் பெட்டியில் வைத்தாள். "உங்களுக்குத்தான் கதை இருக்கே. படம் எதுக்கு?"

அவனுடைய செல்பேசியில் இருந்தவற்றை அவனே முன்பு ஒருநாள், பார்க்க மாட்டாமல், அழித்திருந்தான்.

கொலு மண்டபத்துக்குப் போகும் நடையில் வழக்கம்போல முகம் கூட்டத்தைப் பார்த்திருக்க, முதுகை முன்னே விட்டு நடந்தான். வழிகாட்டிகள் எல்லோரும் அப்படித்தான் நடப்பார்கள். விருந்தாளிக்கு முதுகைக் காட்டக் கூடாது. எந்தப் படி எங்கே என்று குதிகாலுக்குத் தெரியும். எதை நோக்கிப் போகிறோம் என்பது மட்டும்தான் கண்ணுக்குத் தெரியாது. இத்தனை வருடத்தில் அது ஒரு குறையாகத் தோன்றியதே இல்லை.

இன்று தோன்றியது. அவன் பேச்சின் இடைவெளிகளில், முதுகுக்குப் பின்னால், ஒரு சத்தம் கேட்டது. மணிச்சத்தம் என்று சொல்ல முடியாது; ஒலிக்கவிடாமல் சதைக்குள் அமுக்கிப் பிடித்த மணி அசைந்தால் எழும் மொட்டைச் சத்தம். ணுக். அவன் நின்றால் அதுவும் நின்றது. கூட்டத்தில் இரண்டு மூன்று பேர் அவன் தோளுக்கு மேலே பார்த்து, குழந்தைகளைப் பார்த்தால் சிரிப்பார்களே, அப்படிச் சிரித்தார்கள்.

குளிப்பு மண்டபத்தின் வாசலில் எதிரே இன்னொரு கூட்டம் வந்தது. அதன் வழிகாட்டிக்கு லவுட்ஸ்பீக்கர் என்று பட்டப்பெயர். இவன் கதையை அப்படியே திருடிச் சொல்லிப் பிழைக்கும் இளையவன்.

"அண்ணே, பலே ஆளுண்ணே நீங்க" என்று லவுட்ஸ்பீக்கர் காதருகே வந்தான். அவனுடைய ரகசியமே கூச்சல்தான். "சொல்லாமக் கொள்ளாம ஆளையே எறக்கிட்டீங்க. பாப்பாவ எங்க புடிச்சீங்க?"

"எந்தப் பாப்பாடா?"

"ஆமா, ஒண்ணும் தெரியாது உங்களுக்கு. கிடங்குக்குள்ள நிக்க வச்சிருக்கீங்களே! எங்கூட்டம் அழுது தீத்துருச்சு. என்ன, திரும்பவே மாட்டேங்குது. முடிதான் தெரியுது. முகத்த ஏண்ணே காட்ட மாட்டேங்குது, கூச்சமா?"

 வெந்நீர்க் குழாய்கள் ஓடிய சுவரில் வழிகாட்டி கை வைத்து நின்றான். சுவர் சில்லென்று இருந்தது. முகம். மகளின் முகத்தை நினைத்துப் பார்த்தான். 'முன்பல் இல்லாத சிரிப்பு' என்று வந்தது. சிரிப்பு வரவில்லை, அந்த வார்த்தைகள்தான் வந்தன, அவனுடைய தொழில் குரலில், எங்கே நிறுத்த வேண்டுமோ அங்கே நிறுத்தி. மறுபடி முயன்றான். மஞ்சள் சட்டை. முழங்கால் புண். கழுத்துக்கு மேலே, வாய்க்கு மேலே, எதுவும் இல்லை. கண் எப்படி இருக்கும்? மூக்கு? அவன் மூக்கா, அவள் அம்மா மூக்கா? தூக்கத்தில் அந்த நெற்றியை எத்தனை முறை தடவியிருப்பான். விரலுக்கும் நினைவில்லை.

கூட்டத்தைப் படம் எடுத்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, வெளியே வந்து மனைவிக்குப் போன் அடித்தான்.

"நான்தான்."

"தெரியுது. சொல்லுங்க."

"பாப்பா கண்ணு... எப்படி இருக்கும்?"

 "அதையும் போணி பண்ணணுமா?"

"இல்லம்மா. அவ மேல ஆணையா. எனக்கு ஞாபகம் வரல. முகமே வரல. நீ சொல்லேன்."

அவள் சொல்லத் தொடங்கினாள். "அவ கண்ணு..." என்றாள். நிறுத்தினாள். மூச்சு மட்டும் கேட்டது. பிறகு இரும்பு அலமாரி திறக்கும் சத்தம், பெட்டி இழுபடும் சத்தம், ஆல்பத்தின் தடித்த தாள் புரளும் சத்தம். ஒன்று. இன்னொன்று. பிறகு வேகமாக, தாறுமாறாக.

"என்னங்க..." குரல் அவளுடையதாக இல்லை. "பொறந்தநாள் படம் கையில வச்சிருக்கேன். மஞ்சள் சட்டை இருக்கு. புண்ணு இருக்கு. ஓட்டைப் பல்லு இருக்கு..."

"அப்புறம்?" என்றான் அவன்.

"அவ்வளவுதாங்க இருக்கு."

ஏதோ விழுந்த சத்தம்; செல்பேசி விழுந்ததா, அவள் விழுந்தாளா என்று தெரியவில்லை. திரும்ப அடித்தான். எடுக்கவில்லை.

கிடங்குக்குப் போகாமல் இருந்துவிடலாம். பூட்டிவிட்டார்கள் என்று ஒரு பொய். பொய்க்கா பஞ்சம்? ஆனால் அவள் அங்கே நிற்கிறாள். இவன் சொன்னபடி, கூப்பிடும்வரை சத்தம் போடாமல், தினமும் நின்றிருக்கிறாள். இன்று கூப்பிட்டு வெளியே கொண்டுவந்துவிட வேண்டும். அரசன் வந்தான் என்று சொன்னால் போதும். கூட்டம் கலைந்தால் கலையட்டும்.

தொழிலுக்கு வந்த பிறகு முதல்முறையாக விருந்தாளிகளுக்கு முதுகைக் காட்டி, முகத்தை முன்னே வைத்து நடந்தான்.

கிடங்கின் படிகள் கீழே இறங்கின. வெளியே இன்னும் வெயில் இருந்தது. இரண்டாவது வளைவுக்குப் பிறகு அது இல்லை. பழைய உமியின் வாடை, ஈரச் சுண்ணாம்பின் வாடை, வௌவால் எச்சத்தின் வாடை, இவை அவனுக்குத் தெரிந்தவை. அவற்றுக்கு அடியில், மெலிதாக, ஊசி போடுமுன் பஞ்சில் நனைப்பார்களே, அந்த மருந்தின் வாடை. அது இந்தக் கிடங்கினுடையது இல்லை. அதை அவன் எந்தக் கூட்டத்துக்கும் சொன்னதில்லை.

அப்படியானால், சொல்லாததும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது. அந்த நினைப்பில் அவன் நெஞ்சு ஒருகணம் நிறைந்தது.

கடைசி நெற்குதிருக்கு அருகே அவள் நின்றாள். சுவரைப் பார்த்து. மஞ்சள் சட்டை. இடுப்புவரை கூந்தல். அவள் தலையில் ஒருநாளும் இருந்திராத கூந்தல். வலது கை பொத்தியிருந்தது.

பின்னால் கூட்டம் மூச்சை அடக்கியது. "அய்யோ, பாவம்" என்றார் தொப்பிக்கார அம்மாள்.

"அன்றைக்கு..." என்று தொடங்கினான்.  "அன்றைக்கு அரசன் வந்தான்."

ணுக்.

"வந்தான். கூப்பிட்டான்." ஓர் அடி வைத்தான். தொழில் குரலை விட்டான். ஆஸ்பத்திரிக் குரலில் கூப்பிட்டான். "குட்டிம்மா. அப்பா வந்துட்டேன்டா. வா, வீட்டுக்குப் போலாம்."

கை திறந்தது. மணி தரையில் விழுந்து, முழுசாக, தெளிவாக ஒலித்தது.

அவள் திரும்பினாள்.

வாய் இருந்தது. முன்பல் இல்லாத சிரிப்பு இருந்தது, அவன் சொன்னபடியே. அதற்கு மேலே ஒன்றும் இல்லை. தோல். பிசைந்து நீவி வைத்த மாவுபோலத் தோல். மேடு இல்லை, பள்ளம் இல்லை. தூக்குவதற்குப் புருவம் இல்லை.

"அப்புறம்?" என்றது வாய்.

ஓட்டை வழியாகக் காற்று வந்தது. அவள் குரல்தான். அவளேதான்.

"அப்புறம்?" என்றார் பின்னால் தொப்பிக்கார அம்மாள். "அப்புறம் என்னாச்சு?" என்றது கூட்டம், ஆவலாக, நெருங்கி வந்து.

ஓட முடியவில்லை. ஓடினால் இவளை யார் சொல்லி முடிப்பது? முகத்தைத் தேடினான். மனசுக்குள் எல்லா அலமாரியையும் இழுத்துக் கொட்டினான். இல்லை. எதுவும் இல்லை. ஆனால் வாடிக்கையாளர் காத்திருக்க வாய் சும்மா இருந்து பழகவில்லை. அது தானாகத் திறந்து, பழக்கப்பட்ட சரக்கை எடுத்து வைத்தது.

"அவளுக்குப் பெரிய கண்கள்."

சொன்ன உடனே தெரிந்தது, அவை அவளுடையவை அல்ல.

தோல் இரண்டு இடத்தில் குழிந்தது. குழி விரிந்தது. எவ்வளவு பெரியவை என்று அவன் சொல்லவில்லை. ஆகவே அது நிற்கவில்லை. நெற்றிவரை. காதுவரை. உள்ளே கிடங்கின் இருட்டைவிடப் பழைய இருட்டு.

அவளுக்கு வலிக்கவில்லை போலிருந்தது. காலையில் பள்ளிக்குக் கிளம்பும்முன், முகம் கழுவிவிடச் சொல்லி அப்பாவிடம் ஏந்துவதுபோல, அந்த முகத்தை அவனை நோக்கி ஏந்தினாள். ஏந்தியபடியே, மிச்சத்தையும் அவன் சொல்வதற்காகக் காத்து நின்றாள்.